ஏழில் சேராத வார்த்தை

ஆஸ்பத்திரியாம். பால்துரை மைக்கைப் பிடித்துக்கொண்டு, நம்முடைய ஐயரவர்கள் ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்திருந்த அந்த வேளையிலே என்று ஆரம்பிக்கிறார், அந்த முதல் வரியிலேயே இது யார் கடைச் சரக்கு என்று எனக்குத் தெரிந்துவிட்டது. என் புருஷன் செத்தது வீட்டில். எங்கள் வீட்டு முன்னறையில், ஜன்னலை ஒட்டிப் போட்ட கட்டிலில், மத்தியானம் இரண்டு வாய் ரசஞ்சோறு சாப்பிட்டுவிட்டு. பக்கத்தில் இருந்தது நான் ஒருத்திதான். சேகரச் செயலாளர் பால்துரை அன்றைக்கு ஏரலில் யாரோ கொழுந்தன் மகன் கல்யாணத்தில் பந்தி விசாரித்துக்கொண்டிருந்தார், ஆனால் இப்போது கண்ணை மூடி, தொண்டையை நனைத்து, நேரில் பார்த்தவர்போலச் சொல்கிறார்: வலது கையை உயர்த்தினார், ஜன்னலை நோக்கினார், 'இதோ வெளிச்சம்' என்றார், ஜீவன் போயிற்று. சபை முழுக்க 'ஸ்தோத்திரம்' என்று முனகுகிறது. முதல் பெஞ்சில் வெள்ளைச் சேலையோடு உட்கார்ந்திருக்கிற நான் முனகவில்லை என்பதை இரண்டு பேராவது கவனித்திருப்பார்கள், கவனிக்கட்டும். முப்பதாம் நாள் நினைவு ஆராதனை. மூன்று பேர் சாட்சி சொல்ல வேண்டும், கடைசியில் குடும்பத்தின் சார்பில் ஐயரம்மா நன்றி கூற வேண்டும், பிறகு கல்லறைத் தோட்டத்துக்குப் போய்க் கல்லைப் பிரதிஷ்டை பண்ண வேண்டும், பிறகு சாப்பாடு. எங்கள் பக்கத்தில் பாதிரியாரை ஐயர் என்பார்கள், அவர் பொறுப்பில் இருக்கிற நாலைந்து சபைகள் சேர்ந்தது சேகரம், அவருக்கு வாழ்க்கைப்பட்டவள் ஐயரம்மா. புதிய ஏற்பாட்டில் டாக்டர் பட்டம் வாங்கி, வேத கல்லூரியில் தலை நரைக்கும் வரை கிரேக்கு மொழி சொல்லிக்கொடுத்தவள், பாதி சேகரத்து ஐயர்மாருக்கு வாத்திச்சி, ஆனாலும் இந்த வாசலுக்குள் நுழைந்தால் நான் ஐயரம்மா, அவ்வளவுதான். மேபல் என்று ஒரு பெயர் எனக்கு உண்டு என்பது ரேஷன் கடைக்காரனுக்காவது தெரியும், இவர்களுக்குத் தெரியாது.

இவர்களுக்குக் கடைசி வார்த்தை வேண்டும். ஒருவன் எப்படி வாழ்ந்தான், யார் வயிற்றில் அடித்தான், யாருக்குக் கஞ்சி ஊற்றினான் என்பதெல்லாம் பிறகு. துக்க வீட்டுக்குள் நுழைந்ததும் செருப்பைக் கழற்றுவதற்கு முன்பே கேட்பார்கள், கடைசியா ஏதாச்சும் சொன்னாகளா என்று. நல்ல வார்த்தை சொல்லிச் செத்தவன் பரலோகத்தில் முன்வரிசை. ஒன்றும் சொல்லாமல் செத்தால் சந்தேகம். கண்டதையும் சொல்லிச் செத்தால் அந்தக் குடும்பத்துக்கே இழுக்கு. தையல்கார தாவீது சாகும்போது தன் சைக்கிளை யாருக்கும் கொடுக்கக் கூடாது என்று சொல்லிவிட்டுச் செத்தார், இன்றைக்கும் அவர் மகளைப் பெண்பார்க்க வருகிறவர்களிடம் அதைச் சொல்ல ஓர் ஆள் இருக்கிறான். அதனால்தான் ரத்னபாய் அன்றைக்குப் போனில் முதலில் அதைத்தான் கேட்டாள். இவருடைய தங்கை, சென்னையில் இருக்கிறவள். அண்ணன் போய்விட்டார் என்று நான் சொல்லி முடிப்பதற்குள், "மைனி, அண்ணன் கடைசியா என்ன சொன்னாக?" நான் சொன்னேன். ஃபேனைக் குறைக்கச் சொன்னார், சுவரில் இருக்கிற ரெகுலேட்டரைக் கை நீட்டிக் காட்டினார், எழுந்து போய்க் குறைத்துவிட்டுத் திரும்பினேன், ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பியிருந்தார், அவ்வளவுதான் என்று சொன்னேன். அப்புறம் அவள் அழுதாள். அழுது முடித்துக் குடும்பத்து வாட்ஸப் குழுவில் ஒரு குரல் செய்தி போட்டாள். அதில் ஃபேன் இல்லை. கை இருந்தது, ஜன்னல் இருந்தது, நடுவில் எங்கிருந்தோ வெளிச்சம் வந்து உட்கார்ந்திருந்தது. பதற்றத்தில் வீட்டை ஆஸ்பத்திரியாக்கிவிட்டாள், பாவம், சென்னையில் எல்லோரும் ஆஸ்பத்திரியில்தான் சாகிறார்கள். மறுநாளே யாரோ தப்பைச் சுட்டிக்காட்டியிருக்க வேண்டும், செய்தியை அழித்துவிட்டாள். அதற்குள் அது ஊர் சுற்றிவிட்டது. இப்போது அந்தக் குரல் யாரிடமும் இல்லை, கேட்டவர்களின் வாயில் மட்டும் இருக்கிறது.

இதை நினைத்தால் எனக்கே சிரிப்பு வருகிறது, துக்கத்தில் சிரிக்கிறாள் என்று பெயர் வரும், முந்தானையால் வாயை மூடிக்கொள்கிறேன். ஏனென்றால் என் ஆயுசில் பாதியை நான் இப்படி ஒரு மூலம் கிடையாது என்று நிரூபிப்பதிலேயே செலவழித்தேன். இயேசுவின் சரித்திரத்தை மாற்கு முதலில் எழுதினார், மத்தேயுவும் லூக்காவும் அவரை எதிரில் வைத்துக்கொண்டு எழுதினார்கள், இதில் பெரும்பாலோருக்குச் சண்டை இல்லை. ஆனால் மாற்குவில் இல்லாத எத்தனையோ வசனங்கள் மற்ற இருவரிடமும் கிட்டத்தட்ட ஒரே வார்த்தைகளில் இருக்கின்றனவே, அது எப்படி? ஜெர்மன்காரர்கள் சொன்னார்கள், இருவரும் தொலைந்துபோன வேறொரு ஏட்டைப் பார்த்து எழுதினார்கள் என்று. அதற்குக் கியூ என்று பெயரும் வைத்தார்கள், மூலம் என்பதற்கு அவர்கள் மொழியில் உள்ள சொல்லின் முதலெழுத்து. கண்ணால் கண்டவன் ஒருத்தன் கிடையாது. ஒரு கிழிசல் கூடக் கிடைத்ததில்லை. ஆனால் அந்த ஏட்டுக்குப் பதிப்புகள் வந்தன, உரைகள் வந்தன, அதை எழுதிய சபை எந்த ஊரில் இருந்தது, அதில் மீன்காரர்கள் எத்தனை, குடியானவர்கள் எத்தனை, முதலில் எழுதியது எந்தப் பகுதி, பிறகு செருகியது எந்தப் பகுதி என்று தடித்தடியாகப் புத்தகங்கள் வந்தன. பிறக்காத பிள்ளைக்குப் பெயர் வைத்து, பள்ளிக்கூடத்தில் சேர்த்து, ராங்க் கார்டும் வாங்கிவிட்டார்கள். அதெல்லாம் வேண்டாம், லூக்கா மத்தேயுவைப் படித்திருக்கிறார், அங்கிருந்து எடுத்தார், கதை முடிந்தது என்பது என் கட்சி. எதிர்க்கட்சி டாக்டர் தியோடர், என் பக்கத்து அறைக்காரர். ஸ்டாஃப் ரூமில் டீ ஆறிப்போகும் வரை இருவரும் கத்துவோம். வெளிநாட்டுக் கருத்தரங்குக்குக் கூப்பிடுவார்கள் என்பதற்காகத்தான் அவர் அந்தக் கட்சியில் சேர்ந்தார் என்பது என் அசைக்க முடியாத எண்ணம். இப்போது மூன்றாவது பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறார், முதுகில் அவர் பார்வை படுகிறது. தொலைந்துபோன ஒரு மூலம் இருந்தால் அதை எப்படிக் கண்டுபிடிப்பது என்று வகுப்பில் அவர் சொல்வார்: ஒருவரை ஒருவர் பார்க்காத இரண்டு பேர் ஒரே தப்பைச் செய்கிறார்களா பார். ஆஸ்பத்திரி, மனுஷா, ஆஸ்பத்திரி. உமக்கு வேண்டிய அத்தாட்சி இதோ மைக்கில் பேசிக்கொண்டிருக்கிறது, எழுதி எந்தப் பத்திரிகைக்கும் அனுப்பிக்கொள்ளும்.

பால்துரை இறங்கிவிட்டார், ஹென்றி சார் ஏறுகிறார். ஓய்வு பெற்ற தலைமையாசிரியர், எந்தக் கூட்டத்திலும் வாய்ப்பு கொடுத்தால் விடமாட்டார், கொடுக்காவிட்டால் கேட்டு வாங்குவார். இவரும் அதே ஆஸ்பத்திரி. அதே வலது கை. அதே ஜன்னல். ஆனால் சார் தமிழ் வாத்தியார் அல்லவா, சும்மா விடுவாரா, வெளிச்சத்தை மூன்று தரம் சொல்ல வைக்கிறார், முதல் தரம் மெதுவாக, இரண்டாம் தரம் உரக்க, மூன்றாம் தரம் பாட்டாக. நர்ஸ் ஒருத்தி அந்த இடத்திலேயே முழங்கால் படியிட்டாளாம். என் வீட்டில் நர்ஸ். நான் இவருக்கு மலம் அள்ளினேன், முதுகில் புண் வராமல் பவுடர் போட்டுப் புரட்டிப் படுக்கவைத்தேன், எனக்குப் பதில் ஒரு நர்ஸ் வந்து முழங்கால் படியிட்டுவிட்டுப் போகிறாள், அவளுக்கு வேலையும் மிச்சம், பரலோகமும் நிச்சயம். கதை வளரும்போது முதலில் காணாமல் போவது வீட்டுப் பெண், பிறகு உள்ளே வருவது தேவதூதன், இதை நான் எத்தனை பையன்களுக்குக் கரும்பலகையில் எழுதிப்போட்டிருப்பேன், எழுதும்போது சாக்பீஸ் தூசி மட்டும்தான் மூக்கில் ஏறும், வலிக்காது. ரத்னபாய் பக்கத்திலேயே கைக்குட்டையும் கண்ணுமாக உட்கார்ந்திருக்கிறாள், ஹென்றி சார் சொல்வது ஏதோ தனக்குத் தெரியாத புதுச் சேதி என்பதுபோல விக்குகிறாள். அவள் பொய்க்காரி இல்லை, அதுதான் கஷ்டம். தான் போட்ட விதை என்பதே அழுகிற நேரத்தில் அவளுக்கு மறந்துவிடுகிறது. மரமாகத் திரும்பி வரும்போது அதன் நிழலில் உட்கார்ந்து ஆறுதல் வாங்கிக்கொள்கிறாள். எனக்கு ஒரு ஆறுதலும் வேண்டாம், எனக்கு அவளைப் பிடித்து உலுக்க வேண்டும்போல இருக்கிறது.

பெரிய வெள்ளிக்கிழமை ஞாபகம் வருகிறது. ஏழு வார்த்தை தியானம், மூன்று மணி நேரம், இவர் ஒருத்தரே பிரசங்கம் பண்ணுவார், சிலுவையில் ஆண்டவர் பேசின ஏழும். கூட்டம் வாசல் தாண்டி நிற்கும், வியர்க்க வியர்க்க அழும். வீட்டுக்கு வந்து அங்கியைக் கழற்றிக்கொண்டே, எப்படி இருந்தது என்று கேட்பார். ஏழு வார்த்தை எந்தச் சுவிசேஷத்தில் இருக்கிறது என்று நான் கேட்பேன். ஒன்றிலும் இல்லை. மாற்குவிலும் மத்தேயுவிலும் ஒன்றே ஒன்று, கைவிட்டுவிட்டீரே என்ற கதறல். லூக்காவில் மூன்று, அங்கே கதறலே கிடையாது, கதறுகிற ஆண்டவரை லூக்காவுக்குப் பிடிக்கவில்லை. யோவானில் வேறு மூன்று. நாலு தையல்காரர் துணியை வெட்டி ஒட்டி ஏழு என்று எண்ணிக்கொண்டீர்கள், எந்தச் சிலுவையிலும் எந்த ஆளும் அந்த ஏழையும் வரிசையாகச் சொல்லவில்லை என்பேன். கோபித்துக்கொள்ள மாட்டார், அதுதான் அவரிடம் எரிச்சல். பனங்கற்கண்டுப் பாலை ஊதிக் குடித்துக்கொண்டே சொல்வார், "ஒனக்கு அந்த ஆளு என்ன சொன்னாருன்னு தெரியணும். எனக்கு அந்தச் சனத்துக்கு என்ன கேக்கணும்னு தெரியும்." சனத்துக்கு வேண்டியதைக் கொடுத்தே ஆயுசு கழிந்தது அவருக்கு. அவர் படித்தது என்ன, நாலு உரை நூல், நாற்பது உவமை. மாதம் ஒரு ஞாயிறு அதே கெட்ட குமாரன் கதை. கிரேக்கு எழுத்து ஒன்றைக் காட்டினால் கோழி கிளறினது மாதிரி இருக்கு என்பார். அவருக்கு ஊரே திரண்டு வந்திருக்கிறது, எனக்கு எத்தனை பேர் வருவார்கள், தியோடர் வருவார், வந்து லூக்கா மத்தேயுவைப் படிக்கவில்லை என்பார்.

இப்போது ரூபன். என் மகன் பேசுகிறான். பெங்களூரில் ஏதோ கம்பெனியில் பெரிய இடத்தில் இருக்கிறான், குரல் தெளிவு, பேச்சில் பிசிறு இல்லை. நன்றாக விசாரித்து ஒழுங்காக வரிசைப்படுத்தி எழுதுகிறேன் என்று ஆரம்பிக்கும் லூக்காவேதான் இவன். ஆஸ்பத்திரியைத் திருத்திவிட்டான், வீடு என்கிறான், அவன் பிறந்து வளர்ந்த வீடல்லவா. நர்ஸை எடுத்துவிட்டான், நன்றி. பாட்டையும் எடுத்துவிட்டான். வெளிச்சத்தை மட்டும் விடவில்லை, அதற்கு மெருகு போடுகிறான், அப்பா முகத்தில் ஒரு சிரிப்பு இருந்தது என்கிறான், கடைசி விமானத்தைப் பிடித்து அவன் வந்து சேர்ந்தபோது முகத்துக்குத் துணியால் தாடைக்கட்டுப் போட்டிருந்தது, தாடைக்கட்டு இழுத்தால் யார் முகமும் சிரித்தாற்போலத்தான் இருக்கும். எல்லாரையும் விசாரித்திருக்கிறான். அத்தையிடம் கேட்டிருக்கிறான், பால்துரையிடம் கேட்டிருக்கிறான். அறையில் இருந்தவளிடம் கேட்கவில்லை. கேட்டான், நேற்றுச் சாயங்காலம், எல்லாம் முடிந்த பிறகு. போனில் படத்தைக் காட்டினான், கறுப்புச் சலவைக்கல், பளபளவென்று, அப்பா பெயர், தேதி, கீழே வெள்ளை எழுத்தில் இதோ வெளிச்சம்.

"கல்லு வந்துட்டும்மா. இப்பிடி வெட்டியிருக்கு. சரிதானே?" என்றான்.

"வெட்டின பெறகு என்னலே கேள்வி?" என்றேன். அவன் முகம் சுண்டிவிட்டது. அப்பா அப்படிச் சொல்லவில்லையா என்று கேட்டான். நான் சொல்லியிருக்கலாம். நாளைக்கு நான் பேசும்போது சொல்கிறேன் என்று மட்டும் சொன்னேன், அது அவனுக்கு மிரட்டலாகப் பட்டிருக்கும், ராத்திரி அவன் பெண்டாட்டி என் அறை வாசல்வரை வந்து நின்றுவிட்டுப் போனாள். இன்றைக்குக் காலையில் ரத்னபாய் வந்தாள், மைனி, நீங்க படிச்சவுக, ஒங்களுக்குத் தெரியாததா, சனங்க முன்னால அந்த ஃபேன் காரியத்தைச் சொல்லிராதீக, அண்ணனைக் கேவலமா நெனச்சிருவாக என்றாள். ஃபேன் காரியம். ஞாபகம் இருக்கிறது அவளுக்கு, பார்த்தீர்களா. கல்லில் எழுத்து காய்ந்துவிட்டது, கல்லறையைச் சுற்றிப் பூவும் கட்டியாகிவிட்டது, நான் ஒருத்தி வாயைத் திறக்காமல் இருந்தால் போதும், இனி எந்தக் காலத்திலும் ஃபேன் கிடையாது. மாற்கு சுவிசேஷத்தின் முடிவு ஞாபகம் வருகிறது. ஆண்டவரின் கல்லறை காலியாகக் கிடப்பதைக் கண்ட பெண்கள் பயந்து ஓடினார்கள், ஒருவரிடமும் ஒன்றும் சொல்லவில்லை, அத்தோடு நிறுத்திவிட்டார். பின்னால் வந்தவர்களுக்குப் பொறுக்கவில்லை, வால் ஒட்டினார்கள். அந்தப் பெண்கள் ஏன் சொல்லவில்லை என்று முப்பது வருஷம் வகுப்பு எடுத்தேன், பயம், ஆச்சரியம், இலக்கிய உத்தி என்றெல்லாம். ஒருவேளை அவர்களை யாரும் கேட்கவில்லையோ என்னவோ.

என்னதான் நடந்தது அன்றைக்கு? நானே எனக்குச் சாட்சி, நிதானமாகச் சொல்லு பார்ப்போம். சாப்பாடு கொடுத்து வாய் துடைத்தேன். நாற்காலியைக் கட்டிலோரம் இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். வெயில் ஜன்னல் கம்பியில் விழுந்து அவர் போர்வையில் கோடு போட்டிருந்தது. தூங்குகிறார் என்றுதான் நினைத்தேன். ஃபேன் கடகடவென்று ஆடிக்கொண்டிருந்தது. அப்போது கண்ணைத் திறக்காமலே சொன்னார், "மேபல், ஃபேனக் கொற." கை எழுந்தது, சுவரைக் காட்டியது. மேபல். கல்யாணமான புதிதில் கூப்பிட்டிருக்கிறார், இங்கே ஏரலுக்குப் பக்கத்து நாசரேத்தில் குடித்தனம் வைத்தபோது, கொல்லையில் துணி காயப்போடும்போது பின்னால் வந்து நின்று மேபல் என்பார், அந்தப் பெயரே ஏதோ தின்கிற பண்டம் மாதிரி. பிறகு ஐயர் ஆனார், சேகரம் சேகரமாக மாற்றல், வீட்டில் எப்போதும் நாலு பேர், இங்க பாரு ஆனேன், ஏளா ஆனேன், ரூபன் பிறந்தபின் அவன் அம்மா ஆனேன், பத்துப்பேர் முன்னால் ஐயரம்மா ஆனேன். மேபலை எங்கேயோ ஒரு பழைய சேகரத்து மேஜை இழுப்பறையில் வைத்து மறந்துவிட்டு வந்தார் என்றுதான் நினைத்திருந்தேன். சாகிற நேரத்தில் எடுத்தார். பரலோகத்தைப் பார்த்துப் பேசவில்லை அவர், என்னிடம் பேசினார். கடைசியாக அவர் பேசிய மூச்சு என் பெயரில்தான் புறப்பட்டது. அதைத்தான் இவர்கள் எடுத்துக்கொண்டார்கள். ஃபேனை எடுத்தது எனக்குப் பெரிதில்லை, ஃபேனோடு சேர்த்து என்னையும் கழற்றி எறிந்துவிட்டார்கள், அந்த அறையில் இப்போது அவரும் வெளிச்சமும் மட்டும்தான் இருக்கிறார்கள், நான் பெருக்கித் துடைத்த அறையில்.

ஆனால் பொறு. பொறு மேபல். மாணவன் ஒருத்தன் இதைக் கட்டுரையாக எழுதிக்கொண்டு வந்தால் நீ என்ன கேட்பாய்? ஒரு பாரம்பரியத்தில் எது உண்மை என்று அறிய வழி சொல்லு என்று கேட்பாய். சொல்கிறவருக்குச் சங்கடம் தருகிற செய்தி உண்மையாக இருக்கும், அதை யாரும் இட்டுக்கட்ட மாட்டார்கள். ஃபேன் தேறிவிடும், முதல் வகுப்பில் தேறும். ஐயர் ஒருத்தர் சாகும்போது ஃபேனைக் குறைக்கச் சொன்னார் என்று எந்தப் பைத்தியம் கற்பனை பண்ணும். அடுத்தது என்ன, சொல்கிறவருக்கு ஆசையான செய்தி சந்தேகத்துக்கு உரியது. யாருக்கு அது வேண்டும், யாருடைய புண்ணுக்கு அது மருந்து என்று பார். அப்போது மேபல்? அது விதவைக்கு வேண்டிய வார்த்தை. தனியாகக் கிடந்து ராத்திரி ராத்திரி அந்த ஒரு நிமிஷத்தைத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்க்கிறவளுக்கு எங்கே தேவையோ அங்கே அச்சாக வந்து உட்காருகிற வார்த்தை. ரத்னபாயிடம் போனில் சொன்னேனே, அப்போது பெயரைச் சொன்னேனா? சொல்லவில்லை. ஃபேனைக் குறைக்கச் சொன்னார் என்றுதான் சொன்னேன். பழைய சாட்சியத்தில் பெயர் இல்லை, பிந்தினதில் இருக்கிறது, அப்படியானால் செருகல் என்று சிவப்பு மையால் எழுதி மதிப்பெண் குறைத்திருப்பேன். அவர் சொன்னாரா? கண்ணை மூடிக் கேட்கிறேன். ஃபேன் சத்தம் கேட்கிறது. அந்தச் சத்தத்துக்கு உள்ளே மேபல் கேட்கிறது, இப்போது கேட்கிறதா, அன்றைக்குக் கேட்டதா? த்தூ. இதற்குத்தானா இவ்வளவு படித்தது. ஊரார் கதையை அறுத்துப் பார்க்கத் தீட்டின கத்தி, கடைசியில் என் கையிலேயே பாய்கிறது. தியோடரும் நானும் எங்களோடு சேர்ந்த அத்தனை பேரும் முட்டாள்கள். ஒருத்தனாவது ஒரு சாவுக் கட்டிலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து எழுந்திருந்தால் இப்படிச் சட்டம் போட்டிருக்க மாட்டான். ஆசைப்பட்டவளுக்கு அது கிடைக்கவே கிடைக்காது என்று யார் சொன்னது? ஆசைப்பட்டது ஒரு தரமாவது நடக்காதா?

என்னைக் கூப்பிடுகிறார்கள். சைலஸ் ஐயர்தான் கூப்பிடுகிறான், இப்போதைய சேகர குரு, என்னிடம் படித்தவன், கிரேக்கில் இரண்டு தரம் தோற்றுக் கருணையில் தேறினவன். ரூபன் கைத்தாங்கலாகப் பிடிக்க வருகிறான், வேண்டாம் என்கிறேன். படியேறுகிறேன். மைக் எனக்கு உயரம். கீழே எல்லா முகமும் தெரிகிறது, பால்துரை, ஹென்றி சார், கைக்குட்டையை வாயில் வைத்துக்கொண்டு தலையை மெல்ல இட வலமாக ஆட்டும் ரத்னபாய். தியோடர் கண்ணாடியைக் கழற்றித் துடைக்கிறார். எல்லோருக்கும் நன்றி என்று ஆரம்பிக்க வேண்டும், ஆரம்பிக்கவில்லை. அவர் ஆஸ்பத்திரியில் சாகவில்லை, வீட்டில் என்னோடு இருக்கும்போது செத்தார் என்கிறேன். வெளிச்சம் என்று அவர் ஒன்றும் சொல்லவில்லை, வெயில் அடித்தது, அவ்வளவுதான் என்கிறேன். எங்கேயோ ஒரு பிள்ளை பெஞ்சை உதைக்கிறது. பிறகு அதைச் சொல்கிறேன், அவர் சொன்னபடியே, அவர் குரல் வரும்படிகூட முயன்றேனோ என்னவோ.

"'மேபல், ஃபேனக் கொற.' இதுதான் அவுக கடைசியாச் சொன்னது. நான் போய்க் குறைச்சேன். வேற ஒண்ணும் இல்ல."

இறங்கி வந்து உட்காருகிறேன். ஒருவரும் ஸ்தோத்திரம் சொல்லவில்லை. ரூபன் என் பக்கம் திரும்பவே இல்லை, அவன் காது மடல் சிவந்திருக்கிறது, கல்லுக்கு என்ன செய்வான் என்று தெரியவில்லை. ரத்னபாய் அழுகையை நிறுத்திவிட்டாள், நிஜமாகவே. ஆனால் எனக்கு முப்பது நாளில் முதல் தரமாகப் பசிக்கிறது. சொல்லியாயிற்று. இத்தனை பேர் காதில் விழுந்திருக்கிறது, இனி யாரும் எடுக்க முடியாது. சைலஸ் இரண்டு கையையும் விரித்து ஜெபிப்போம் என்கிறான், எல்லாத் தலையும் கவிழ்கிறது. பையன் குரல் உருக்கமாகத்தான் இருக்கிறது, பிரசங்கத்துக்கு எப்போதும் நல்ல குரல். பரம பிதாவே, உம்முடைய தாசனுடைய ஜீவியத்துக்காக ஸ்தோத்திரம். அவர் மரண வேளையிலும் எங்களுக்கு ஒரு பாடம் வைத்துப் போனாரே. இந்த உலகத்தின் காற்று தனக்குப் போதும் என்று கண்டு, மனுஷர் சுழற்றுகிற காற்று ஓய்ந்தால்தான் உம்முடைய ஆவியின் காற்று வீசும் என்று அறிந்து, 'ஆண்டவரே, காற்றைக் குறையும்' என்று உம்மை நோக்கிக் கேட்டாரே. எனக்குப் பின்னால் ஒருத்தர் 'ஸ்தோத்திரம்' என்கிறார். இன்னொருத்தர். ரத்னபாய் பெரிதாக மூச்சை இழுத்து ஆமென் என்கிறாள், முகம் மலர்ந்துவிட்டது, அவளுக்கு அண்ணன் திரும்பக் கிடைத்துவிட்டார். மூன்று நிமிஷம்கூட ஆகியிருக்காது. கண்ணால் கண்டவள் முதல் பெஞ்சில் உயிரோடு உட்கார்ந்திருக்க, அவள் வாயிலிருந்து புறப்பட்ட சூடு ஆறுவதற்குள். ஃபேனைக்கூட வைத்துக்கொண்டார்கள். அதற்கு இடம் கிடைத்துவிட்டது பரலோகத்தில். எனக்குத்தான் கிடைக்கவில்லை.

நான் எழுந்து நிற்கிறேன். எங்கள் கோயிலில் ஜெபத்தின் நடுவில் யாரும் எழுந்ததில்லை, குழந்தைகள்கூட. பெஞ்சு கிறீச்சிட்ட சத்தத்தில் சைலஸ் கண்ணைத் திறந்து என்னைப் பார்க்கிறான், வகுப்பில் பார்த்த அதே பயத்தோடு. சபையில் தலைகள் ஒவ்வொன்றாக நிமிர்கின்றன. அத்தாட்சி கேட்டால் என்னிடம் ஒன்றும் இல்லை.

"ஆண்டவரேன்னு சொல்லல சைலஸ்," என்கிறேன், மைக் இல்லாமலே எல்லோருக்கும் கேட்கிறது. "மேபல்னு சொன்னாக."